பாம்பு நீள நீள

மேலே, இடது, கீழே, இடது. மடியிலிருந்த ரெக்சின் பையின் மேல் கலாமணியின் வலது கைக் கட்டைவிரல் தன்பாட்டுக்கு எதையோ அமுக்கிக்கொண்டிருந்தது. ரொம்ப நேரமாக அமுக்கியிருக்க வேண்டும், பையில் அந்த இடம் மட்டும் வியர்வையில் பளபளத்தது. பார்த்ததால்தான் அவளுக்கே தெரிந்தது. தொட்டுத் தெரிந்துகொள்ளும் வேலையை அந்த விரல் எப்போதோ விட்டுவிட்டது. எக்ஸ்போர்ட் கம்பெனியின் செக்கிங் செக்‌ஷனில், மேஜை விரிப்புகளிலும் தலையணை உறைகளிலும் துருத்திக்கொண்டிருக்கும் பிசிர் நூலைக் குட்டிக் கத்தரியால் நறுக்கி நறுக்கி, முதலில் வலித்தது, அப்புறம் எரிந்தது, அப்புறம் ஒருநாள் ஒன்றுமே சொல்லாமல் இருந்துகொண்டது. மணிக்கட்டில் நரம்பு அமுங்கியிருக்கிறது, இந்த வேலையை விட்டால்தான் தேறும் என்றார் டாக்டர். விட்டுவிட்டுச் சோற்றுக்கு என்ன செய்வது என்பதற்கு அவரிடம் மருந்து இல்லை. கொதிக்கிற பால் பாத்திரத்தை அந்த விரலால் பிடித்துவிட்டு, தோல் சிவந்ததைக் கண்ணால் பார்த்து, ஓ, சுட்டிருக்கிறது போல என்று நினைத்துக்கொள்ளும் நிலைமைக்கு வந்தாயிற்று. அப்பேர்ப்பட்ட விரல்தான் இங்கே, பத்திர ஆபீஸ் வராந்தாவின் இரும்பு பெஞ்சில், யாரும் கேட்காமல் விளையாடிக்கொண்டிருக்கிறது. இரண்டு மேலே, நான்கு இடது, ஆறு வலது, எட்டு கீழே. அவள் இடது கையால் அதைப் பொத்திப் பிடித்தாள். கொஞ்ச நேரம் சும்மா இருந்தது.

காலையில் பத்திரம் எழுதுகிறவர் வீட்டில் ஒவ்வொரு பக்கமாகக் கையெழுத்துப் போட்டு முடித்தாயிற்று. எழுத்தர் மூச்சுவிடாமல் வாசித்துக் காட்டினார். மேற்படி சொத்தில் எனக்கு இனிமேல் யாதொரு உரிமையும் பாத்தியமும் இல்லை என்று அவள் சொல்வதாக அதில் இருந்தது. யாதொரு என்ற சொல்லை அவள் வாழ்நாளில் ஒருமுறைகூட வாயால் சொன்னதில்லை. மேற்படி சொத்து என்பது அப்பாவின் வீடு. முன்னால் இரண்டு அறை, சமையல்கட்டு, பின்னால் வாடகைக்கு விட்டிருந்த இரண்டு அறை, நடுவில் துணி காயும் இடம், குளியலறை. அப்பா போன வருஷம் போய்ச் சேர்ந்தார். இப்போது அண்ணன் மோகனசுந்தரம் மாடி கட்டப் போகிறான், பேங்கில் லோன் கேட்டிருக்கிறான், வீடு அவன் ஒருத்தன் பேருக்கு வந்தால்தான் கொடுப்பார்களாம். அதற்கு அம்மா ஏற்கெனவே எழுதிக் கொடுத்தாயிற்று, தங்கச்சியும் விடுதலைப் பத்திரம் எழுதிக் கொடுக்க வேண்டும். விடுதலை என்று அதற்கு யார் பேர் வைத்தார்களோ, நல்ல குசும்புக்காரராக இருந்திருக்க வேண்டும். மிச்சம் இருப்பது ஒன்றுதான். உள்ளே போய் போட்டோவுக்கு முகம் காட்டி, ரேகை மெஷினில் கட்டைவிரலை வைத்து, சார்பதிவாளர் கேட்கிற கேள்விக்கு ஆமாங்க என்று சொல்ல வேண்டும். திறந்திருந்த ஜன்னல் வழியாக அந்தக் கேள்வி காலையிலிருந்து வந்துகொண்டே இருக்கிறது. எழுதிக் கொடுத்ததை ஒத்துக்கிறீங்களா, மனசாரத்தானே. ஆமாங்க. ஒத்துக்கிறீங்களா. ஆமாங்க சார். ஆம்பளைக் குரல், பொம்பளைக் குரல், ஒரு கிழவரின் இருமல், எல்லாருக்கும் அதே ஆமாங்க. அவளும் மனதுக்குள் சொல்லிப் பார்த்தாள், சுலபமாகத்தான் வந்தது. விரல் மறுபடி ஆரம்பித்திருந்தது.

விரல் ஆடுவது அப்பாவின் பழைய பட்டன் போனில் இருந்த பாம்பு கேம். அந்த போன் அவருக்குப் பார்சல் ஆபீஸில் கொடுத்தது. செங்கல் கனம், பச்சை வெளிச்சம், தலையில் ஒரு குட்டி ஆண்டெனா. சாயங்காலம் அப்பா வந்ததும் அதை டிவி மேல், குரோஷா விரிப்பின் நடுவில், சாமி படத்தை வைக்கிற பக்குவத்தோடு வைத்துவிட்டுக் குளிக்கப் போவார். அப்பா குளிக்கிற நேரம்தான் அண்ணனுக்கும் அவளுக்கும். சொம்பில் மொண்டு ஊற்றுகிற சத்தம் கேட்கிற வரைக்கும் உலகம் அவர்களுடையது. சட்டம் ஒன்றே ஒன்று, ஆளுக்கொரு உயிர். பாம்பு சுவரில் முட்டினாலோ தன் வாலைத் தானே கடித்தாலோ உயிர் போச்சு, போனை அடுத்த ஆளிடம் கொடுத்துவிட வேண்டும். அண்ணன் ஆடும்போது அவள் அவன் தோளில் தாடையை வைத்துக்கொண்டு பார்ப்பாள், அவன் தலையில் தேங்காய் எண்ணெய் வாசனையும் கிரிக்கெட் விளையாடிவந்த வியர்வையும் அடிக்கும். அவனுக்கு அவசரம், புள்ளியைப் பார்த்தால் குறுக்கே பாய்வான், முட்டிச் செத்துவிட்டுத் தொடையில் அடித்துக்கொள்வான். அவளுக்கு அவசரமே கிடையாது. ஓரமாகப் போ, சுவரை ஒட்டியே போ, திரும்பு, ஒரு கோடு விட்டுத் திரும்பி வா, வயலுக்குத் தண்ணீர் கட்டுகிற மாதிரி வரிவரியாக நிரப்பு. பாம்பு நீள நீள இடம் குறையும், இடம் குறையக் குறைய அவளுக்கு உள்ளே ஓர் அமைதி வரும். எல்லாவற்றுக்கும் இடம் இருக்கிறது, முறையாகத் திரும்பினால் போதும் என்கிற அமைதி. அப்படி ஒன்று அப்புறம் எப்போது வந்தது என்று யோசித்தாள். மகள் தர்ஷினி பிறந்தபோதா. இல்லை, அப்போது பயம்தான் இருந்தது. போன் பட்டன்களில் இரண்டும் நான்கும் ஆறும் எட்டும் மட்டும் தேய்ந்து வெள்ளையாகிப் போயின. கம்பெனிக்காரன் மட்டமான பெயிண்ட் அடித்துவிட்டான் என்று அப்பா கடைசிவரை திட்டிக்கொண்டிருந்தார். குளியலறையில் சொம்புச் சத்தம் நின்று தாழ்ப்பாள் சத்தம் கேட்பதற்குள் போன் குரோஷா விரிப்புக்குப் போய்விடும், இரண்டு பேரும் ஆளுக்கொரு புத்தகத்தோடு உட்கார்ந்திருப்பார்கள்.

அண்ணன் டீயும் தேங்காய் பன்னும் வாங்கிக்கொண்டு வந்தான். அவளுக்குச் சர்க்கரை தூக்கலாகச் சொல்லி வாங்கியிருந்தான், மறக்காமல். அவனுக்கு நாற்பது தாண்டிவிட்டது, காதோரம் நரைத்திருக்கிறது, டீயை ஊதும்போது உதட்டைக் குவிப்பது மட்டும் அப்படியே இருக்கிறது. இன்னும் கொஞ்ச நேரத்தில் கூப்பிட்டுவிடுவார்கள் என்றான். மதியச் சாப்பாட்டுக்கு வீட்டுக்கு வந்துவிடு, அம்மா எள்ளுருண்டை பிடித்து வைத்திருக்கிறாள் என்றான். வழியில் வந்த எழுத்தரிடம், என்ற தங்கச்சிங்க, ஒரு வார்த்தை எதிர்த்துப் பேசாது, தங்கமுங்க என்று சொல்லிக்கொண்டான். எழுத்தர் சிரித்துவிட்டு, இந்தக் காலத்தில் இப்படி ஒரு தங்கச்சி கிடைக்கக் கொடுத்து வைத்திருக்க வேண்டும் என்று அவனைப் பாராட்டினார். தங்கச்சியை யாரும் பாராட்டவில்லை, அவள் பன்னைப் பிட்டு டீயில் நனைத்துத் தின்றுகொண்டிருந்தாள். பன் ருசியாகத்தான் இருந்திருக்கும். கவலைப்படாதே, நான் இருக்கிறேனல்லவா, தர்ஷினி பெரியவளானால் ஊரே பார்க்கிற மாதிரி செய்கிறேன் என்றான் அண்ணன். பொய்யில்லை, செய்வான். அவள் கல்யாணத்தில் மாப்பிள்ளை வீட்டார் சொன்னதற்கெல்லாம் தலையாட்டி இரவு பகலாக ஓடியவன்தான். தர்ஷினிக்குக் காது குத்தியபோது மடியில் உட்காரவைத்துக்கொண்டு, குழந்தை அழுவதற்கு முன்னால் தான் அழுதவன்தான். அந்த ஆளின் பக்கத்தில் உட்கார்ந்துகொண்டு, பின்னாலிருக்கும் அந்த இரண்டு அறை எனக்கு வேண்டும் என்று எப்படிக் கேட்பது. கேட்கவே இல்லை என்றும் சொல்ல முடியாது. கருமாதி முடிந்த வாரத்தில் ஒரு தடவை, விளையாட்டுப்போல, அந்த ரூமில் நாங்கள் வந்து இருந்துகொண்டால் வாடகை மிச்சம், நானும் வேலையை விட்டுவிடுவேன் என்று சொல்லிப் பார்த்தாள். அதை இடிச்சுட்டுத்தான் அம்மணி மாடிப்படி வருது என்றான் அவன், அவளும் கேட்டுச் சந்தோஷப்படுவாள் என்கிற முகத்தோடு.

அப்பா சொல்லிட்டுப் போனது, வீடு மோகனுக்குன்னு. அண்ணன் இதை எல்லாரிடமும் சொல்கிறான். பேங்க்காரரிடம், எழுத்தரிடம், சாட்சிக்கு வந்த பக்கத்து வீட்டுக்காரரிடம். அப்பா சொன்னார்தான், அவளும் பக்கத்தில் நின்றாள். ஆஸ்பத்திரியிலிருந்து திரும்பி வந்த பிறகு கட்டிலில் படுத்துக்கொண்டு, வீடு மோகனுக்கு, கலாவுக்குச் செய்ய வேண்டியதையெல்லாம் அப்பவே செஞ்சாச்சு என்றார். அப்போது அவள் அவருக்கு வாய் துடைத்துக்கொண்டிருந்தாள். துணியை மடித்து, ஈரமில்லாத பக்கத்தைத் திருப்பி, மறுபடி துடைத்தாள். அவர் இறந்த அன்றும் அப்படித்தான். வந்தவர்கள் உட்காரப் பாய் எடுத்துப் போட்டாள், துணிகளை மடித்து வைத்தாள், கண்ணில் தண்ணீர் வரவில்லை. பெற்ற அப்பன் கிடக்கிறான், கல்லுளி மங்கி மாதிரி நிற்கிறாள் பார் என்று ஓர் அத்தை அவள் காதில் விழும்படியே சொன்னாள். கல்லெல்லாம் இல்லை. சுட்டிருக்கும், நிச்சயம் சுட்டிருக்கும், சிவந்ததைப் பார்க்கத்தான் அங்கே கண்ணாடி இல்லை. விரலில் ஆரம்பித்தது மேலே ஏறுகிறதோ என்று அவளுக்கு அவ்வப்போது ஒரு பயம் உண்டு. அந்தப் பயம்கூடத் தூரத்தில் எங்கேயோ வேறொருத்திக்கு இருப்பதுபோல்தான் இருக்கும். கணவன் தனபாலிடம் கேட்டதற்கு, உன்ற அண்ணன், உன்ற வீடு, நீயே பாத்துக்க என்று சொல்லிவிட்டு ஃபேன் பக்கம் திரும்பிப் படுத்துக்கொண்டான். பெருந்தன்மையா, நழுவலா என்று அவளுக்கு இன்றுவரை விளங்கவில்லை. ஜன்னலுக்குள் யாரோ ஆமாங்க சார் என்றார்கள்.

மேலே, இடது. சுவரை ஒட்டியே போ. அந்தச் சாயங்காலம் மட்டும் ஏன் இவ்வளவு தெளிவாக இருக்கிறது, பன்னின் ருசி தெரியாத இந்த நாக்குக்கு அன்றைக்குக் கடித்துக்கொண்டிருந்த புளியங்காயின் புளிப்பு இப்போதும் தெரிகிறது. அவள் ஒன்பதாவது. அப்பா உள்ளே நிதானமாகக் குளித்துக்கொண்டிருந்தார், எண்ணெய் தேய்த்துக் குளிக்கிற நாள், நேரம் நிறைய. பாம்பு திரையைக் கிட்டத்தட்ட நிரப்பிவிட்டிருந்தது. இவ்வளவு நீளப் பாம்பை அண்ணன் பார்த்ததில்லை, அவளும் பார்த்ததில்லை, அந்தப் பாம்பே தன்னைப் பார்த்திருக்காது. வரிக்கு வரி ஒரு கோடு இடம்தான் மிச்சம். புள்ளி வந்தது, போனாள், சாப்பிட்டாள், திரும்பினாள். அவன் மூச்சு அவள் கன்னத்தில் பட்டுக்கொண்டிருந்தது. அப்போதுதான் சொன்னான், போதும் அம்மணி, குடு, பேலன்ஸ் போயிட்டே இருக்குது என்று. அது அவன் ஏற்கெனவே சொல்லி வைத்திருந்த விஷயம்தான். கேம் விளையாடினால் போனில் காசு குறையும். பாம்பு நீள நீள வேகமாகக் குறையும். போன மாதம் பேலன்ஸ் இல்லாமல் அப்பாவின் லோடு ஒன்று தப்பிப்போய் வீடே ரகளையானது. அதனால் அண்ணன் கணக்குப் பார்த்து, குட்டிப் பாம்பு என்றால் பரவாயில்லை, அதிகம் போகாது என்று ஒரு வரையறை வைத்திருந்தான். அவள் பாம்பு எல்லா வரையறையையும் தாண்டியிருந்தது. இன்னும் கொஞ்சம்ணா, உயிர் இருக்குதுண்ணா என்றாள். அவன் பிடுங்கவில்லை. கையை நீட்டினான், குடு கண்ணு, அப்பா பாவமல்ல என்றான். அவள் கொடுத்துவிட்டாள். சாகாத பாம்பை, ஓடிக்கொண்டிருந்ததை, அப்படியே அவன் கையில் கொடுத்தாள். அவன் ஒரு பட்டனைக்கூட அமுக்கவில்லை. அது நேராகப் போய் முட்டியது, மெல்லிசாக ஒரு சத்தம், திரை துடித்து அணைந்தது. அவன் போனைச் சட்டையில் துடைத்து டிவி மேல் வைத்தான்.

பத்து வருஷம் போல அதை அவள் நினைக்கவே இல்லை. அப்புறம் கம்பெனியில் சேர்ந்த புதிதில், டீ நேரத்தில் கூட வேலை பார்த்த ரோஸ்லின் சாவகாசமாகப் பாம்பு விளையாடிக்கொண்டிருந்தாள். காசு போகாதா என்றாள் இவள். அந்த டேபிளே சிரித்தது. கேமுக்கு எவளாச்சும் காசு குடுப்பாளா, யாருடி சொன்னது உனக்கு என்று ரோஸ்லின் கண்ணில் தண்ணீர் வரச் சிரித்தாள். கலாமணியும் சிரித்துவைத்தாள். அன்றிலிருந்து உள்ளே ஒரு முள். அண்ணன் பொய் சொன்னான். தன்னைவிடத் தங்கச்சி நன்றாக ஆடுகிறாளே என்று பொறுக்காமல், அப்பா பாவம் என்று அந்தக் குரலில், கண்ணு என்று கூப்பிட்டு, பொய் சொன்னான். அந்தக் குரல் வேறு எங்கெல்லாம் வந்தது என்று அவள் எண்ணிப்பார்க்க ஆரம்பித்தாள். பிளஸ் டூ போதும் கண்ணு, காலேஜ் தூரம். இந்த மாப்பிள்ளை போதும் கண்ணு, நல்ல குணம். கையெழுத்துதான கண்ணு, சும்மா ஃபார்மாலிட்டி. கோபம் என்று சொல்ல முடியாது, கோபப்படச் சூடு வேண்டும். ஒரு நம்பிக்கை என்றுதான் சொல்ல வேண்டும். ஒருநாள் அவனிடம் கேட்பாள், அவன் அசடு வழிவான், அன்றைக்கு நீ பொய் சொன்னாய் என்று உறுதியாகிவிட்டால் போதும், அதற்குமேல் அவனுக்கு எதையும் மறுக்கத் தனக்கு உரிமை வந்துவிடும். கேட்கத்தான் இல்லை. இத்தனை வருஷத்தில் எத்தனை தீபாவளி, எத்தனை சாப்பாடு, கேட்கவே இல்லை. இப்போது தர்ஷினியின் டச் போனில் கலர்கலராகப் பாம்பு வருகிறது, கண்ணும் நாக்கும் வைத்து. ஆடிப் பார்த்தாள். கண்ணாடியில் விரல் வழுக்குகிறது, அமுக்கியதற்கு எதிர்த்து ஒன்றும் வருவதில்லை, விரல்தான் செத்துவிட்டதா கண்ணாடிக்கு உயிரில்லையா என்று தெரியாமல் வைத்துவிட்டாள்.

மாட்டேன் என்றால் என்ன ஆகும் என்பதையும் அவள் பார்த்திருக்கிறாள். சித்தி மகள் வளர்மதி பங்கு கேட்டாள், கிடைக்கவும் கிடைத்தது. அதற்கப்புறம் பிறந்த வீட்டிலிருந்து ஓர் ஈ காக்கை அவள் வாசலுக்கு வரவில்லை. அவள் பெண் பெரியவளானபோது தாய்மாமன் இரண்டு தெரு தள்ளி இருந்தும் வரவில்லை, தூரத்து உறவில் ஒருத்தரைக் கெஞ்சிக் கூட்டிவந்து, மாமன் கட்ட வேண்டிய குடிசைக்குப் பச்சை ஓலை கட்டினார்கள். அந்த ஆளுக்குப் பெண்ணின் பேர்கூடத் தெரியவில்லை. சீர்த்தட்டைத் தூக்கிக்கொண்டு, பாப்பா, பாப்பா என்று கூப்பிட்டார். வளர்மதி சிரித்துக்கொண்டே எல்லாருக்கும் பந்தி பரிமாறினாள், அந்தச் சிரிப்பைக் கலாமணியால் மறக்க முடியவில்லை. தர்ஷினி உயரமாகிவிட்டாள், இன்றோ நாளையோ. மோகன் மாமா எனக்கு என்ன கலர் பட்டு எடுக்கும் என்று இப்போதே கேட்கிறாள். அப்படியென்றால் கணக்கு இதுதான். ஒரு கையில் அண்ணன், இன்னொரு கையில் இரண்டு அறை. இரண்டு அறை என்றால் வேலையை விடலாம், விரல் பிழைக்கும். விரல் பெரிதா அண்ணன் பெரிதா என்று யாராவது கேட்டால் உலகமே சிரிக்கும். விரலுக்கு யார் ஓலை கட்டுவார்கள். கேட்டால் விட்டுக்கொடு, விட்டுக்கொடுத்தால் கெட்டுப்போக மாட்டாய், அப்படித்தான் இருக்கிறார்கள் எல்லாரும், ஆமாங்க, ஆமாங்க சார். சுவரை ஒட்டியே போனால் எங்கே திரும்புவது என்று தெரிய வேண்டும், திரும்பாமல் போனால் முட்டத்தான் செய்யும். அண்ணன் தோளைத் தொட்டான். கூப்பிட்டுவிட்டார்கள்.

உள்ளே ஃபேன் காற்று, மை வாசனை. கேமராவைப் பாருங்கள் என்றார்கள், பார்த்தாள். திரையில் தெரிந்த பெண் யாரோ பத்திரம் எழுதிக்கொடுக்க வந்தவளைப்போலவே இருந்தாள். ரேகை மெஷினில் கட்டைவிரலை வைக்கச் சொன்னாள் கம்ப்யூட்டரில் உட்கார்ந்திருந்த பெண். வைத்தாள். சிவப்பு விளக்கு. எடுத்துவிட்டு மறுபடி வைக்கச் சொன்னாள். மறுபடி சிவப்பு. ரேகையே விழவில்லையே, பாத்திரம் தேய்க்கிற கையா, தலையில் கொஞ்சம் தேய்த்துவிட்டு வையுங்கள் என்றாள். கலாமணி தலைமுடியில் விரலைத் தேய்த்துவிட்டு வைத்தாள், சிவப்பு. வேறு விரல் வைக்கலாமா என்று அந்தப் பெண் உள்ளே பார்த்து யாரையோ கேட்டாள். இரு அம்மணி என்று அண்ணன் முன்னால் வந்தான். கர்ச்சீப்பை எடுத்தான், அவள் கட்டைவிரலைத் தன் உள்ளங்கையில் வைத்துக்கொண்டு துடைத்தான், வாயைக் குவித்து ஊதினான், மறுபடி துடைத்தான். அவளுக்கு ஒன்றும் தெரியவில்லை, பார்த்துக்கொண்டு மட்டும் இருந்தாள். போன் திரையைச் சட்டையில் துடைத்த அதே துடைப்பு. இத்தனை வருஷமாகக் கேட்காததைக் கேட்க இது இடமே இல்லை, ஆனாலும் வாய் கேட்டுவிட்டது.

"ஏண்ணா, கேம் விளையாண்டா பேலன்ஸ் போகும்னு சொல்லுவியல்ல. பாம்பு நீள நீள வேகமாப் போகும்னு."

"ஆமா, போகுமல்ல" என்றான் அவன், விரலிலிருந்து கண்ணை எடுக்காமல். "அப்பாதான சொன்னாரு. இப்பக்கூட அம்மா போன்ல நம்ம பையன் பாம்பு விளையாண்டா புடுங்கி வெச்சுருவேன். வயசானவங்க, ஒரு அவசரத்துக்கு போன்ல காசு இல்லீன்னா என்ன பண்ணுவாங்க?"

அவள் அவன் முகத்தைப் பார்த்தாள். கிண்டல் இருக்கிறதா, சமாளிப்பு இருக்கிறதா என்று ஓரம் ஓரமாகத் தேடினாள். ஒன்றும் இல்லை. கர்ச்சீப்பின் சுத்தமான மூலையைத் தேடிக்கொண்டிருந்த, வெள்ளந்தியான, நாற்பது தாண்டிய ஒரு முகம். அவன் பொய் சொல்லவே இல்லை. அன்றைக்கு அப்பாவின் காசைக் காப்பாற்றத்தான் கையை நீட்டியிருக்கிறான், இன்றைக்கும் மகன் கையிலிருந்து பிடுங்கிக்கொண்டிருக்கிறான், இவ்வளவு காலமும் அதை நம்பிக்கொண்டே இருந்திருக்கிறான், அவனைப் பார்த்துச் சிரிக்க ஒரு ரோஸ்லின் கிடைக்கவில்லை. இத்தனை வருஷம் இவள் உள்ளே வைத்துக் காப்பாற்றிய முள் நழுவிக் கீழே விழுந்தது. பொய்க்காரனாக இருந்திருந்தால் எவ்வளவு வசதி. இப்போது எதைப் பிடித்துக்கொண்டு மாட்டேன் என்பது. நல்லவன், பாசமானவன், காலேஜ் தூரம் என்று நம்பினான், வீடு தனக்கு என்று நம்புகிறான், அப்பா சொன்னார். நம்பித்தான் கை நீட்டினான். அதுதான் அவளுக்கு வலித்தது. எங்கே என்று சொல்லத் தெரியாத ஓர் இடத்தில், ரொம்ப நாளைக்கு அப்புறம், நன்றாகவே வலித்தது. நம்பிக் கேட்டானோ பொய் சொல்லிக் கேட்டானோ, பாம்பு செத்துத்தானே போனது. உயிரோடு இருந்ததைத்தானே அவள் கொடுத்தாள். அண்ணன் அவள் விரலை மெஷினில் வைத்து மேலே தன் விரலால் மெல்ல அமுக்கினான். பச்சை விளக்கு எரிந்தது. விழுந்துருச்சு என்று சிரித்தான் அவன்.

சார்பதிவாளர் கண்ணாடியை ஏற்றிவிட்டுக்கொண்டு பத்திரத்தைப் புரட்டினார். காலையிலிருந்து கேட்டுக் கேட்டுத் தேய்ந்துபோன குரலில் அவளைக் கேட்டார், எழுதிக் கொடுத்ததை ஒத்துக்கிறீங்களா, மனசாரத்தானே. அவர் கையில் பேனா தயாராக இருந்தது, பதில் வருவதற்கு முன்பே தாளில் இறங்கப் போனது.

"இல்லீங்க சார்" என்றாள் கலாமணி.

சத்தமாகச் சொல்லவில்லை. பேனா நின்றது. கம்ப்யூட்டர் பெண் தலையைத் தூக்கிப் பார்த்தாள். இஷ்டமில்லாமல் பதிவு பண்ண முடியாது, பேசிவிட்டு வாருங்கள் என்று பத்திரத்தை ஓரமாகத் தள்ளினார் சார்பதிவாளர். அண்ணன் கோபப்படவில்லை, அவனுக்குக் கோபம் வரும் அளவுக்கு இன்னும் புரியவே இல்லை. கூட்டத்தில் கைவிட்டுப்போன பிள்ளையைத் தேடுகிறவன்போல அவளையே பார்த்தான்.

"ஏன் அம்மணி, என்ன ஆச்சு? அப்பா சொல்லிட்டுப் போனதுதான?"

தர்ஷினிக்கு ஓலை கட்ட இவன் வருவானா என்ற பயம் அங்கேயேதான் இருந்தது, எங்கும் போகவில்லை. அந்தப் பயத்தோடேதான் அவள் அவன் கையைப் பிடித்துக்கொண்டாள்.

"கேம் விளையாண்டா காசு போகாதுண்ணா. எப்பவுமே போனதில்ல. அப்பா உனக்குத் தப்பாச் சொல்லிட்டாரு. ரெண்டையும்."

அவன் கர்ச்சீப்பை மடித்தான், பிரித்தான், மறுபடி மடித்தான். அடுத்தவர் பெயரைக் கூப்பிட்டார்கள், ஒரு குடும்பமே அவர்களை விலக்கிக்கொண்டு வந்தது. அண்ணனின் கைக்குள் அவள் கட்டைவிரல் மறுபடி மெல்ல ஆரம்பித்திருந்தது, மேலே, இடது. இந்த முறை அவள் அதைப் பொத்திப் பிடித்து நிறுத்தவில்லை.